இம்மண்டபம் வங்கியின் வசம் உள்ளது

ஆகஸ்ட் 28

வக்கீல் நாகமாணிக்கம் சொன்னபடி இன்று முதல் எழுதுகிறேன். "தேதி போட்டு, நடந்தத நடந்தபடி எழுதுங்க. உங்க அபிப்பிராயம் வேண்டாம். நாளைக்குக் கேஸுக்கு உதவும்" என்றார். நோட்டு உரக்கடையில் இனாமாகக் கொடுத்தது. ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் தென்னைக்கு எவ்வளவு பொட்டாஷ் வைக்க வேண்டும் என்று அச்சடித்திருக்கிறது. கோர்ட்டார் அதைக் கண்டுகொள்ள வேண்டாம்.

என் பெயர் அர்த்தநாரி. வயது அறுபத்திரண்டு. வெள்ளகோவிலில் மயிலா மஹால் என்ற கல்யாண மண்டபத்தை இருபது வருஷமாக நடத்துகிறேன். மனைவி மயிலாத்தாள் பெயரையே மண்டபத்துக்கு வைத்தேன். மனை அவளுக்கு அவள் அப்பா எழுதிக்கொடுத்தது. கட்டடம் என் சம்பாத்தியம். நான்கு வருஷத்துக்கு முன்னால் ஏசியும் லிஃப்டும் வைக்க, வங்கியில் மண்டபத்தை அடமானம் வைத்துக் கடன் வாங்கினேன். ஒரே ஒரு மாடிக்கு லிஃப்ட் எதற்கு என்று கேட்டவர்கள் உண்டு. எதிரில் புது மண்டபம் கட்டியவன் லிஃப்ட் வைத்தான் என்பதைத் தவிர என்னிடம் வேறு பதில் இல்லை. தவணை நின்று பதினான்கு மாதம் ஆகிறது.

மயிலாத்தாள் மகள் சுகந்தி வீட்டுக்கு ஓசூர் போயிருக்கிறாள். பத்து நாளில் வந்துவிடுவாள். இது கேஸுக்குச் சம்பந்தமில்லாதது.

ஆகஸ்ட் 31

வக்கீல் பழைய விவரமும் எழுதச் சொன்னார். வங்கியின் முதல் நோட்டீஸ் ஜூன் மாதம் இரண்டு கவர்களில் வந்தது. ஒன்று எனக்கு, ஒன்று மயிலாத்தாளுக்கு. நான் தோட்டத்தில் இருந்த நேரம். அவளுடைய கவரை அவளே கையெழுத்துப் போட்டு வாங்கியிருக்கிறாள். உள்ளே அடமானப் பத்திரத்தின் நகல் இருந்தது. மறுநாள் காலை ஓசூர் பஸ் ஏறினாள். பேரனுக்குச் சளி என்றாள்.

இன்று உப்புமா செய்தேன். உப்பு அதிகம்.

செப்டம்பர் 5

வங்கியிலிருந்து மண்டபத்தைக் கைப்பற்ற வந்தார்கள். நல்ல முகூர்த்த நாள். உள்ளே அறுநூறு பேர்.

வந்தவர் ஜெபசிங் என்ற அதிகாரி. தூத்துக்குடிப் பக்கத்துக்காரர், முப்பத்தைந்து வயதிருக்கும், வியர்க்கும் உடம்பு. கூட ஒரு வருவாய் ஆய்வாளரும் இரண்டு போலீஸ்காரர்களும். ஜெபசிங் உத்தரவைக் காட்டி, "சார், ஆட்கள வெளிய அனுப்புங்க. இன்னைக்கு சீல் வச்சே ஆகணும்" என்றார்.

"தாலி கட்டற நேரமுங்க. நீங்களே சொல்லிப் பாருங்க" என்றேன்.

அவர் மைக்கில் அறிவிப்பதற்காக மேடை ஏறினார். ஏறியவரைப் பெண்ணின் தாய்மாமன் மாப்பிள்ளையின் ஆபீஸ்காரர் என்று நினைத்துக்கொண்டு கையில் அட்சதையைத் திணித்துவிட்டார். போட்டோக்காரர் "சார், கொஞ்சம் சிரிங்க" என்றார். மேளம் கொட்டியது. ஜெபசிங் அட்சதை போட்டார். உத்தரவுக் கவர் கையில் இருந்ததால், பெண் கை நீட்டி அதை வாங்கிப் பின்னால் நின்ற தோழியிடம் கொடுத்துவிட்டாள். மொய்க் கவர்களுக்கு நடுவிலிருந்து அதைத் தேடி எடுக்க அரை மணி நேரம் ஆயிற்று.

அதற்குள் போலீஸ்காரர்கள் இருவரும் இரண்டாம் பந்தியில் உட்கார்ந்துவிட்டார்கள். "சாப்ட்டுட்டு சீல் வெய்ங்க. மண்டபம் எங்கீங்க போகப்போவுது" என்று அவரையும் உட்கார வைத்தேன். சாப்பிட்டுவிட்டுச் சும்மா போவது மரியாதை இல்லை என்று நூற்றியொரு ரூபாய் மொய் எழுதினார். ஊர் என்ன என்று கேட்டதற்கு, வந்த வேலையைக் கேட்கிறார்கள் என்று நினைத்து "சுவாதீன நடவடிக்கை" என்றார். அப்படியே எழுதிக்கொண்டார்கள்.

செப்டம்பர் 6

சீல் வைத்தார்கள். பொருள்களுக்குப் பட்டியல் போட்டார்கள். வாசலில் நிற்கும் இரண்டு சிமெண்ட் யானைகளிடம் வந்ததும் ஆய்வாளர் பேனாவை நிறுத்தினார். "இது அசையும் சொத்தா, அசையாச் சொத்தாங்க?" ஜெபசிங் மேலிடத்துக்குப் போன் செய்தார். மேலிடம் யானைகளின் போட்டோ கேட்டது. மத்தியானம் வரை பதில் இல்லை. கடைசியில் "யானை இரண்டு, நின்ற நிலையில்" என்று எழுதிக் கையெழுத்து வாங்கிக்கொண்டார்கள்.

முன்சுவரில் சிவப்புப் பெயிண்டில் இரண்டடி உயர எழுத்தில் எழுதினார்கள்: இம்மண்டபம் வங்கியின் வசம் உள்ளது. எழுதியவர் அன்று மயிலா மஹால் என்று எழுதிய அதே பெயிண்டர். கூலியை யாரிடம் வாங்குவது என்று என்னைப் பார்த்தார்.

செப்டம்பர் 9

ஏஜென்சி மூலம் வங்கி ஒரு காவலாளியைப் போட்டது. சேலத்து ஆள். மண்டபத்தின் கக்கூஸ் உட்பட எல்லாவற்றுக்கும் சீல் வைத்துவிட்டதால் மூன்றாம் நாள் சொல்லாமல் போய்விட்டார். அவரைக் குறை சொல்ல முடியாது.

செப்டம்பர் 11

ஜெபசிங் வீட்டுக்கு வந்தார். வந்தவர் நாற்காலியின் விளிம்பிலேயே உட்கார்ந்திருந்தார்.

"சார், தப்பா நெனைக்கக் கூடாது. ஆள் கிடைக்கல. உள்ளூர்ல யாராவது பொறுப்பானவங்க இருந்தா..."

"ராத்திரி பகல்னு இருக்கோணுமுங்களா?"

"பகல் மட்டும் போதும். கேமரா இருக்குல்லா."

"நானே இருக்கறனுங்க" என்றேன். எப்படியும் காலையில் எழுந்தால் அங்கேதான் போய் நிற்கிறேன். வீட்டில் என்ன இருக்கிறது?

அவர் பையிலிருந்த விதிப்புத்தகத்தைப் புரட்டினார். "கடன் வாங்கினவர காவலுக்கு வைக்கக் கூடாதுன்னு விதியில எங்கயும் போடல சார்" என்றார். அவருக்கே ஆச்சரியமாக இருந்தது.

நீலச் சட்டையும் தொப்பியும் கொடுத்தார்கள். சட்டை பெரிது. தினமும் காலை, மாலை பதிவேட்டில் கையெழுத்துப் போட வேண்டும். என்னிடமிருந்து மண்டபத்தைக் காப்பாற்ற மாதம் ஒன்பதாயிரம் சம்பளம்.

வக்கீலிடம் இன்னும் சொல்லவில்லை.

செப்டம்பர் 20

மழை. முன்கதவுச் சீல் நனையாமல் குடை பிடித்தேன்.

செப்டம்பர் 23

சுகந்தி போன் செய்தாள். பேரனுக்குச் சளி விட்டுவிட்டதாம். அம்மா எங்கே என்றேன். குளிக்கிறாள் என்றாள். பின்னால் மயிலாத்தாள் மிக்ஸி போடும் சத்தம் கேட்டது.

அக்டோபர் 7

ஐப்பசியில் மகள் கல்யாணத்துக்கு முன்பணம் கட்டியிருந்த வையாபுரி வாத்தியார், வங்கிக்கு எதிராக என் மனு இருக்கும் அதே கோவைக் கடன் தீர்ப்பாயத்தில் மனுப் போட்டிருந்தார். பத்திரிகை அடித்து, ஊரெல்லாம் கொடுத்துவிட்டார், மனிதர் என்ன செய்வார். மண்டபம் யார் வசம் இருக்கிறதோ அவர்களே கல்யாணத்தை நடத்திக் கொடுக்க வேண்டும் என்று இன்று உத்தரவாயிற்று.

அதாவது வங்கி.

சாயங்காலம் ஜெபசிங் வந்து யானையின் காலடியில் உட்கார்ந்தார். "சார், வாழைமரம் கட்டுறதுக்கு மூணு பேர்கிட்ட விலைப்புள்ளி வாங்கணும்னு சொல்லுதாங்க. வாழைமரத்துக்கு எவன் சார் விலைப்புள்ளி குடுப்பான்? எனக்கே இன்னும் கல்யாணம் ஆகல."

பாவமாக இருந்தது. மூன்று விலைப்புள்ளிகளையும் நானே மூன்று விதமான கையெழுத்தில் எழுதிக் கொடுத்தேன்.

மேற்படி வரியை வக்கீல் படிக்க வேண்டாம். அடித்துவிடலாம் என்று பார்த்தேன். நடந்ததை நடந்தபடி எழுதச் சொல்லியிருக்கிறார்.

அக்டோபர் 29

வாத்தியார் வீட்டுக் கல்யாணம் நடந்தது. முன்சுவரின் சிவப்பு எழுத்தை மறைத்தால்தான் மாப்பிள்ளையை இறக்குவோம் என்று மாப்பிள்ளை வீட்டார் காரிலேயே உட்கார்ந்துவிட்டார்கள். மறைத்தால் சட்டப்படிக் குற்றம் என்றார் ஜெபசிங். ஒரு மணி நேரம் பேசி, எழுத்தை மறைக்காமல் சுற்றிலும் செவ்வந்தி மாலை கட்டுவது என்று முடிவாயிற்று. பார்க்க அழகாகவே இருந்தது. மணமக்கள் அதன் முன் நின்று போட்டோ எடுத்துக்கொண்டார்கள். இருவர் தலைக்கும் மேலே "வங்கியின் வசம் உள்ளது".

சாம்பார் ருசி என்று எல்லோரும் சொன்னார்கள். போகும்போது மூன்று பேர் தையில் தேதி இருக்கிறதா என்று ஜெபசிங்கிடம் கேட்டார்கள். வங்கி நடத்தினால் நம்பி வரலாமாம்.

பந்தி முடிந்து இலை எடுக்கும்போது மயிலாத்தாள் இருந்தால் ரசத்தில் குறை சொல்லியிருப்பாள் என்று தோன்றியது. குறையும் இருந்தது.

நவம்பர் 12

ஏல அறிவிப்பு பேப்பரில் வந்தது. "மயிலா மஹால், உள்ளது உள்ளபடி" என்று போட்டிருந்தார்கள். வருகிறவர்களுக்குச் சுற்றிக் காட்டுவது காவலாளியின் பொறுப்பு. சொத்துக்காரன் என்ற முறையில் குறைகளைச் சொல்ல வேண்டும். சம்பளம் வாங்குகிறவன் என்ற முறையில் நிறைகளைச் சொல்ல வேண்டும். இரண்டையும் சொன்னேன். பார்க்க வந்த டயர் கம்பெனிக்காரர் ஒருவர் லிஃப்டில் ஏறி நடுவில் நாற்பது நிமிஷம் மாட்டிக்கொண்டார். இறங்கியதும், ரோட்டோரப் பத்து சென்ட் மட்டும் கிடைக்குமா என்று கேட்டார்.

டிசம்பர் 3

ஏலத்தில் யாரும் கேட்கவில்லை. ஜெபசிங் முகம் வாடிவிட்டது. ஆறுதல் சொன்னேன். சொல்லிவிட்டுத்தான் நான் சந்தோஷப்பட வேண்டியவன் என்று ஞாபகம் வந்தது.

டிசம்பர் 8

இன்று வக்கீல் ஆபீசில் நடந்தது.

நாகமாணிக்கம் இரண்டு காகிதங்களை மேஜையில் பக்கம் பக்கமாக வைத்தார். ஒன்று மயிலாத்தாளுக்கு அவள் அப்பா எழுதிய தானப் பத்திரம். இன்னொன்று வங்கியின் அடமானப் பத்திரம்.

"நல்லாப் பாருங்க. இதுல கி. மயிலாத்தாள். அப்பா கிட்டுசாமி, சரி. இதுல அ. மயிலாத்தாள். உங்க சம்சாரம் எப்பவாச்சும் உங்க பேரு மொதலெழுத்தப் போட்டுக் கையெழுத்துப் போட்டிருக்காங்களா?"

"இல்லீங்க. ரேஷன் கார்டு, ஓட்டு, பேங்குன்னு எல்லாத்துலயும் கி.தான்."

"அப்ப இது அவங்க போட்டதில்ல! மனை அவங்களுது. அவங்க கையெழுத்தில்லாம அடமானமே செல்லாது. அடமானம் செல்லாட்டி ஏலமும் இல்ல. அய்யா, நீங்க செயிச்சுட்டீங்க!" எழுந்து என் கையைப் பிடித்துக் குலுக்கினார். பிறகு குலுக்குவதை நிறுத்தி என் முகத்தைப் பார்த்தார். "யார் போட்டதுன்னு நான் கேக்க மாட்டேன். நீங்களும் சொல்லாதீங்க."

எனக்கு ஞாபகமில்லை என்றேன். அவர் கேட்கவே இல்லை.

வரும் வழியில் பஸ்ஸில் தலைவலி.

டிசம்பர் 9

ஞாபகம் இருக்கிறது. கடன் பத்திரம் போட்ட அன்று வங்கி மேனேஜர் வீட்டுக்கே வந்திருந்தார். இப்போது ரிட்டயர் ஆகிவிட்டார். ஃபைலைச் சாப்பாட்டு மேஜையில் விரித்து வைத்தார். "அம்மா ஒரு கையெழுத்து" என்றார். மயிலாத்தாள் சமையலறையில் அவருக்காகக் காபி கலந்துகொண்டிருந்தாள். "உள்ள போய் வாங்கிட்டு வர்றனுங்க" என்று ஃபைலை எடுத்துக்கொண்டு பக்கத்து அறைக்குப் போனேன்.

இந்தப் பக்கத்தை வக்கீலிடம் காட்டக் கூடாது.

டிசம்பர் 15

மயிலாத்தாள் சாட்சி சொல்ல வேண்டும் என்று சம்மன் போயிருக்கிறது. நானே போன் செய்தேன். எடுத்தாள்.

"வர்றேன்" என்றாள்.

"எத்தன மணி பஸ்ஸுக்கு? ஸ்டேண்டுக்கு வந்து..."

"கோர்ட்டுக்குத்தான் வர்றேன்."

ஜனவரி 9

எல்லாவற்றையும் எழுதிவிடுகிறேன்.

கோவைக்குக் காலை ஆறு மணி பஸ். ஏஜென்சி லீவு தராததால் காவலாளிச் சட்டையுடனே போனேன். தீர்ப்பாயத்தில் என்னை வங்கித் தரப்பு ஆள் என்று நினைத்து அந்தப் பக்க பெஞ்சில் உட்கார வைத்தார்கள். ஜெபசிங் நகர்ந்து இடம் கொடுத்தார். நாகமாணிக்கம் ஓடிவந்து என்னை இழுத்துக்கொண்டு போனார். "என்னய்யா வேஷம் இது?" என்றார். வேலை விஷயம் அப்போதுதான் அவருக்குத் தெரியும். தலையில் கை வைத்துக்கொண்டார்.

மயிலாத்தாள் சுகந்தியுடன் வந்திருந்தாள். மாம்பழக் கலர் சேலை. இளைத்திருந்தாள். என்னைப் பார்த்தாள், சட்டையைப் பார்த்தாள், தொப்பியைப் பார்த்தாள். வாய்க்குள் ஏதோ சிரிப்பு மாதிரி வந்தது. அடக்கிக்கொண்டாள்.

நாகமாணிக்கம் அவளிடம் அடமானப் பத்திரத்தைக் காட்டினார். "அம்மா, இது உங்க கையெழுத்தா?"

"பேரு என்னுதுங்க. எழுத்து என்னுதில்லீங்க."

"குறிச்சுக்கோணுமுங்க!" என்றார் நாகமாணிக்கம், சந்தோஷத்தில் சொந்தப் பேச்சு வந்துவிட்டது.

வங்கி வக்கீல் எழுந்தார். "அப்ப யாரோட எழுத்தும்மா?"

"அது எனக்கெப்படீங்க தெரியும்? போட்டவங்களக் கேளுங்க."

அவள் யாரையும் பார்க்கவில்லை. ஆனால் அந்த அறையில் இருந்த எல்லோரும், மின்விசிறிக்கு அடியில் உட்கார்ந்து தட்டச்சு செய்துகொண்டிருந்த பெண் உட்பட, என்னைப் பார்த்தார்கள். நாகமாணிக்கம் என் காலை மிதித்தார். பலமாகவே மிதித்தார். நான் எழுந்துவிட்டேன். வலியால் எழுந்தேனா என்று இப்போது யோசிக்கிறேன். இல்லை.

"நான்தானுங்க போட்டேன்" என்றேன்.

"ஆட்சேபிக்கிறேன்!" என்று என் வக்கீல் கத்தினார். "ஆட்சேபிக்கிறேன்!" என்று வங்கி வக்கீலும் கத்தினார். நான் பொய்க் கையெழுத்துப் போட்டேன் என்று பதிவானால் எனக்கு ஜெயில். பொய்க் கையெழுத்தைச் சரிபார்க்காமல் கடன் கொடுத்தார்கள் என்று பதிவானால் அவர்கள் ஆட்களுக்கு வேலை போகும், அடமானமும் போகும். உண்மை அந்த அறையில் யாருக்கும் வேண்டியிருக்கவில்லை.

நீதிபதி வயதானவர். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "இத்தன வருஷத்துல ரெண்டு கட்சியும் ஒண்ணாச் சேந்து ஆட்சேபிச்சு இன்னிக்குத்தான் பாக்கறேன்" என்றார். என்னிடம், "நீங்க யாரு? வங்கி காவலாளியா?" என்றார்.

"ஆமாங்க."

"இங்க எதுக்குப் பேசறீங்க?"

"நான்தானுங்க மனுதாரரும்."

அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு மறுபடியும் என்னைப் பார்த்தார். "எதையும் நான் இன்னும் பதிவு செய்யல. ஒரு மணி நேரம் தர்றேன். வெளிய போய் எல்லாரும் பேசி ஒரு முடிவோட வாங்க. அந்த அம்மா சொல்றதக் கேளுங்க. இந்தக் கேஸுல எதையும் தப்பாச் செய்யாதவங்க அவங்க ஒருத்தர்தான்."

வராந்தாவில் இரண்டு வக்கீல்களும் ஜெபசிங்கும் மயிலாத்தாளைச் சுற்றி நின்றார்கள். நான் தள்ளி நின்றேன். அவள் சுகந்தியின் கையிலிருந்து தண்ணீர் பாட்டிலை வாங்கிக் குடித்தாள். பிறகு சொன்னாள். அதிகம் யோசித்து வைத்திருந்தது போல, தடங்கல் இல்லாமல் வந்தது.

"ரோட்டு மேல இருக்கற பத்து சென்ட்ட டயர் கம்பெனிக்காரரு கேக்கறாராமா. நான் குடுக்கறேன். அந்தப் பணத்த வாங்கிட்டு மீதி மனையையும் கட்டடத்தையும் விட்டுருங்க. வட்டி கிட்டின்னு பேசாதீங்க. பேசினா நான் உள்ள போயி இன்னும் ஒருக்காச் சொல்லுவேன், இது என்ற எழுத்தில்லைன்னு."

ஜெபசிங் மேலிடத்துக்குப் போன் செய்தார். யானைக்கு அரை நாள் எடுத்த மேலிடம் இதற்குப் பதினொரு நிமிஷம்தான் எடுத்தது.

"இவர் மேல புகார் குடுப்பீங்களா?" என்று நாகமாணிக்கம் என்னைக் காட்டிக் கேட்டார்.

"அது எங்க ஊட்டு விவகாரம்" என்றாள்.

கையெழுத்தெல்லாம் முடிந்து, அவர்கள் ஓசூர் பஸ்ஸுக்கு நிற்கும்போது நான் பக்கத்தில் போய் நின்றேன். சுகந்தி டீ வாங்க நகர்ந்துவிட்டாள்.

"ஏனுங்க," என்றாள் மயிலாத்தாள், பஸ் வரும் திக்கைப் பார்த்துக்கொண்டே. "நான் பத்தடி தள்ளி சமையக்கட்டுலதான நின்னுட்டிருந்தேன். ஒரு வார்த்த கேட்டிருக்கலாமுல்ல?"

"மாட்டேன்னு சொல்லிருவியோன்னு..."

"சொல்லித்தான் இருப்பேன். லிஃப்ட்டு ஒரு கேடான்னு கேட்டிருப்பேன். நாலு நாளு பேசாம இருந்திருப்பேன். அப்பறம் போட்டிருப்பேன்."

பஸ் வந்துவிட்டது.

ஜனவரி 10

வக்கீல் போன் செய்து, இனி டைரி எழுத வேண்டியதில்லை என்றார்.

ஜனவரி 28

டயர் கம்பெனிக்காரர் பணம் கட்டினார். வங்கி சீலை உடைத்தது. ஜெபசிங்குக்கு ராமநாதபுரத்துக்கு மாற்றல். யானைகளை "நின்ற நிலையில்" திரும்ப ஒப்படைத்ததாக என்னிடம் கையெழுத்து வாங்க வந்தபோது, மனைக்குச் சொந்தக்காரர் கையெழுத்துதான் வேண்டும் என்று நானே சொல்லிப் பத்திரத்தை ஓசூருக்கு அனுப்பச் செய்தேன். நான்கு நாள் தாமதமாகும்.

பிப்ரவரி 2

கட்டில் விரிப்பு, கொசுவலை எல்லாவற்றையும் துவைத்துக் காயப்போட்டேன். எதற்கும் இல்லை. வெயில் நன்றாக இருந்தது.

பிப்ரவரி 11

வங்கி ஒப்புக்கொண்ட தைக் கல்யாணங்களில் கடைசி இன்று. விடியும் நேரத்தில் ஓசூரிலிருந்து கார் வந்து நின்றது. மயிலாத்தாள் இறங்கினாள். பெட்டி இருக்கிறதா என்று பார்த்தேன். கைப்பைதான்.

நேராகச் சமையல்கட்டுக்குப் போய் ரசத்தைக் கையில் ஊற்றி நக்கிப் பார்த்துச் சமையல்காரரை ஒரு பாட்டம் திட்டினாள். லிஃப்டின் முன் நின்று, "இதுல ஆரும் ஏற வேண்டாம்" என்று பலகை வைத்தாள். வாசலுக்கு வந்து, சிவப்பு எழுத்துக்கு மேல் சுண்ணாம்பு அடித்திருந்ததைத் தொட்டுப் பார்த்தாள். சரியாக மறையவில்லை. வெயில் ஏறினால் இன்னும் தெரிகிறது.

பிறகு என்னைப் பார்த்தாள். ஏஜென்சிக் கணக்கு இந்த மாதம் முடியும் வரை சட்டையைப் போட்டிருக்க வேண்டும் என்பதை விளக்கினேன்.

"அதக் கழட்டிப்போட்டு வேட்டி கட்டிட்டு வாங்க. வர்றவங்களக் கும்பிடோணுமில்ல, ஒருத்தியா நின்னு எத்தன பேரக் கும்பிடறது?"

கட்டிக்கொண்டு வந்து அவள் பக்கத்தில் நின்றேன். எங்கள் இருவருக்கும் நடுவில் ஒரு ஆள் தாராளமாக நிற்கலாம் போல இடம் இருந்தது. எட்டு மணிக்கு மேல் கூட்டம் வந்தது. வருகிறவர்கள் அந்த இடத்தின் வழியாகவே நுழைந்து போனார்கள். பத்து மணி வாக்கில் ஒரு பாட்டியம்மாள் சேர்ந்தாற்போல நான்கு பேருடன் வந்து, "ரெண்டு பேரும் ஒரே பக்கமா ஒதுங்கி நில்லுங்க, நடுவுல நொழைய முடியல" என்றார்.

யார் ஒதுங்குவது என்று நாங்கள் இருவரும் ஒரே நேரத்தில் பார்த்துக்கொண்டோம்.